மிதக்கும் பாறையும் நாமக்கல் மலையும்

நடக்க முடியாத ஒன்றை எண்ணி எண்ணி மகிழ்வதை 'மனக்கோட்டை கட்டுதல்' என்கிறோம். பிரெஞ்சுக்காரர்கள் இதையே 'ஸ்பெயினில் கோட்டை கட்டுதல்' என்பார்கள். அந்தரத்தில் நிற்கும் கோட்டை தமிழருக்குப் புதிதன்று. சோழர் குலத்து முன்னோன் ஒருவனைத் 'தூங்கெயில்' எறிந்தவன் என்று சங்க நூல்கள் புகழ்கின்றன. தூங்குதல் என்றால் தொங்குதல். எயில் என்றால் மதில். வானில் தொங்கிய கோட்டையை அவன் அழித்தான் என்பது கதை. சிவபெருமான் எரித்ததாகச் சொல்லப்படும் முப்புரங்களும் பறந்து திரிந்த கோட்டைகளே.

இந்தப் பழைய கற்பனையை இருபதாம் நூற்றாண்டில் தூரிகையால் தீட்டியவர் பெல்ஜிய நாட்டு ஓவியர் ரெனே மாக்ரித் (1898-1967). 1959-இல் அவர் வரைந்த ஓவியத்தின் பெயர் 'பைரனீஸ் கோட்டை'. பைரனீஸ் என்பது பிரான்சுக்கும் ஸ்பெயினுக்கும் இடையே உள்ள மலைத்தொடர். மேலே சொன்ன பிரெஞ்சு வழக்கை நினைவில் கொண்டால் பெயரின் குறும்பு புரியும். ஏறத்தாழ 2 மீட்டர் உயரமுள்ள இவ்வோவியம் இப்போது ஜெருசலேம் நகரத்து இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இதன் அச்சுப் பிரதிகளோ உலகமெங்கும் சுவர்களில் தொங்குகின்றன.

ஓவியத்தில் இருப்பவை மிகச் சிலவே. கீழே அலை எழும் கடல். மேலே வெண்மேகங்கள் படர்ந்த பகல் வானம். இரண்டுக்கும் நடுவில், எதன்மீதும் படாமல், முட்டை வடிவில் ஒரு பெரும் பாறை. அதன் உச்சியில், அதே கல்லிலிருந்து முளைத்தாற்போல் ஒரு சிறு கோட்டை. மனிதர் எவரும் இல்லை. பாறையைத் தாங்கும் கயிறும் இல்லை, தூணும் இல்லை.

சேலம், நாமக்கல் பகுதி வாசகர்களுக்கு இந்தப் பாறையைக் கற்பனை செய்வது கடினமன்று. நாமக்கல் நகரின் நடுவே சுமார் 65 மீட்டர் உயரத்துக்கு ஒரே பாறையாக எழுந்து நிற்கிறது மலை. அதன் இரு புறமும் குடைவரைக் கோயில்கள், உச்சியில் கோட்டை. கோட்டைச் சுவர் எங்கே முடிகிறது, பாறை எங்கே தொடங்குகிறது என்று தொலைவிலிருந்து பிரித்தறிவது சிரமம். இந்த மலையை அடியோடு பெயர்த்து வானில் நிறுத்தினால் மாக்ரித்தின் ஓவியம் ஏறக்குறைய கிடைத்துவிடும்.

'இதெல்லாம் பித்தர்களின் கிறுக்கல். அறிவியல் இதழில் இதற்கென்ன வேலை?' என்று சிலர் கேட்கலாம். வேறு சிலர், 'நவீன ஓவியம் நவீன இயற்பியலின் வெளிப்பாடு' என்று ஒரேயடியாகத் தூக்கி வைத்துப் பேசுவர். இரு சாராரும் ஓவியத்தை உற்றுப் பார்ப்பதில்லை என்பதே என் கருத்து. முதலில் ஓர் இயற்பியல் மாணவன் செய்வதைச் செய்வோம்: கணக்குப் போடுவோம்.

பாறையின் உயரம் 100 மீட்டர், நடுவில் அகலம் 60 மீட்டர் என்று கொள்வோம். முட்டை வடிவத்துக்கான சூத்திரப்படி அதன் கன அளவு ஏறத்தாழ 1,88,500 கன மீட்டர். கருங்கல்லின் அடர்த்தி ஒரு கன மீட்டருக்குச் சுமார் 2,700 கிலோகிராம். ஆகவே பாறையின் எடை ஏறத்தாழ 5 லட்சம் டன். நாமக்கல்லில் இருந்துகொண்டு எடையை டன்னில் மட்டும் சொன்னால் போதாது. லாரிக் கணக்கிலும் சொல்ல வேண்டும். லோடு ஒன்றுக்கு 20 டன் என்றால், இது 25,000 லோடு கல்.

காற்றும் ஒரு பாய்மமே. தண்ணீரில் மூழ்கிய பொருளைத் தண்ணீர் மேல்நோக்கித் தள்ளுவதுபோல், காற்றில் உள்ள பொருளைக் காற்றும் தள்ளுகிறது. பாறை விலக்கிய காற்றின் எடை எவ்வளவோ அவ்வளவு மிதப்பு விசை கிடைக்கும் என்பது ஆர்க்கிமிடீஸ் தத்துவம். ஒரு கன மீட்டர் காற்றின் எடை சுமார் 1.2 கிலோகிராம். ஆக, விலகிய காற்றின் மொத்த எடை 226 டன். அதாவது பதினொரு லோடு. 25,000 லோடு கல்லில் பதினொரு லோட்டைக் காற்று தாங்கிக்கொள்கிறது. மீதிக்கு ஆளில்லை!

பாறையின் உட்புறம் வெற்றிடமாக இருந்தால் மிதக்காதா? மிதக்கும். மொத்த எடை 226 டன்னைத் தாண்டாமல் இருக்க வேண்டும், அவ்வளவுதான். பாறையின் வெளிப்பரப்பு ஏறத்தாழ 16,600 சதுர மீட்டர். அந்தப் பரப்பு முழுவதும் 226 டன் கல்லைப் பரப்பினால் கல்லின் கனம் 5 மில்லிமீட்டர் வரும். வீட்டில் உள்ள தோசைக்கல்லின் கனம். வெளியிலிருந்து வளிமண்டலமோ ஒவ்வொரு சதுர மீட்டரையும் பத்து டன் விசையுடன் அழுத்துகிறது. உள்ளே எதிர்த்துத் தள்ளக் காற்று இல்லை. அந்தக் கல் தோல் கண் இமைக்கும் நேரத்தில் நொறுங்கிப் போகும்.

எனவே பாறை மிதக்காது. கணக்கு முடிந்தது. ஆனால் ஓவியம் முடிந்துவிட்டதா?

இப்படத்தை வகுப்பில் காட்டியபோது மாணவர்களிடமிருந்து முதலில் வந்த குரல், 'சார், இது விழுந்துடாதுங்களா?' என்பதுதான். சற்றுப் பொறுத்துப் பின்வரிசையிலிருந்து மற்றொரு மாணவர் கேட்டார்: 'விழுந்துட்டு இருக்கறப்ப எடுத்த படமா இருந்தா என்னங்க சார்?' இந்தக் கேள்வி மிக நுட்பமானது. பாறையின் அடிப்பகுதி கடலுக்கு மேல் 50 மீட்டரில் இருக்கிறது என்று கொண்டால், அந்த உயரத்திலிருந்து விழும் பாறை 3.2 நொடியில் நீரைத் தொடும். தொடும்போது அதன் வேகம் நொடிக்கு 31 மீட்டர். ஆயினும் ஆயிரத்தில் ஒரு நொடி மட்டும் திறந்து மூடும் காமிராவில் அது 3 சென்டிமீட்டர்தான் நகர்ந்திருக்கும். நூறு மீட்டர் பாறையின் படத்தில் 3 சென்டிமீட்டர் கலக்கம் கண்ணுக்குத் தெரியாது. அசையாமல் நிற்கும் பாறையின் படமும், விழுந்துகொண்டிருக்கும் பாறையின் படமும் ஒன்றுபோலவே இருக்கும்.

இதன் பொருள் என்ன? ஒரு பொருளின் இடத்தை மட்டும் சொன்னால் அதன் நிலையை முழுதும் சொன்னதாகாது. அதன் திசைவேகத்தையும் சொல்ல வேண்டும். ஓவியத்துக்கு இடம் உண்டு, திசைவேகம் இல்லை. 'பாறை மிதக்கிறது' என்று ஓவியம் சொல்லவே இல்லை, நாம்தான் சொல்லிக்கொள்கிறோம். மாக்ரித் இதை நன்றாக உணர்ந்தவர். அந்தரத்தில் நிற்கும் பாறையை மீண்டும் 1964-இல் வரைந்தபோது, அதற்கு 'ஜீனோவின் அம்பு' என்று பெயரிட்டார். பறக்கும் அம்பு ஒவ்வொரு கணத்திலும் ஓரிடத்தில் இருக்கிறது. அப்படியானால் அது எப்போது நகர்கிறது என்று கேட்டு அறிஞர்களைத் திணறடித்த கிரேக்கச் சிந்தனையாளர் ஜீனோ.

சர்ரியலிசம் எனப்படும் அடிமன ஓவிய இயக்கத்தின் கொள்கை அறிக்கையை ஆந்த்ரே பிரெத்தோன் 1924-இல் பாரிஸ் நகரில் வெளியிட்டார். தருக்கத்தின் பிடியிலிருந்து மனத்தை விடுவித்துக் கனவின் போக்கில் விடுவது அதன் நோக்கம். அதைச் சேர்ந்தவர்களில் பலர் காணும் பொருளையெல்லாம் உருக்கினர், முறுக்கினர், பிய்த்து ஒட்டினர். மாக்ரித் வழி வேறு. சுவர்த்தாள் தொழிற்சாலையில் வடிவமைப்பாளராகவும், விளம்பரப் படங்கள் வரைபவராகவும் உழைத்தவர் அவர். எதையும் உள்ளது உள்ளவாறு வரையும் கை அவருடையது. இந்த ஓவியத்தில் கல்லின் வெடிப்பும் சொரசொரப்பும் மெய்யான கல்லுக்கு உரியவை. அலையின் நுரை மெய்யான நுரை. தொலைவு கூடக்கூடப் பொருள் சிறுக்கும் விதியும் காக்கப்பட்டிருக்கிறது. இயற்கையின் சட்டங்களில் ஒன்றே ஒன்று நீங்கலாக மற்ற அனைத்தும் ஒழுங்காக நடக்கின்றன. மற்றவை ஒழுங்காக இருப்பதால்தான் மீறப்பட்ட ஒன்று நம்மைத் தூக்கிவாரிப் போடுகிறது. சோதனைச்சாலையில் நாம் செய்வதும் இதுவே அல்லவா? மற்ற எல்லாவற்றையும் மாறாமல் வைத்துக்கொண்டு ஒன்றை மட்டும் மாற்றிப் பார்க்கிறோம்.

நம் தமிழ்நாட்டு ஓவியர் கே. ராமானுஜத்தின் படங்களோடு ஒப்பிட்டால் இது மேலும் விளங்கும். சோழமண்டலம் ஓவியர் கிராமத்தில் வாழ்ந்து 1973-இல் இளம் வயதிலேயே மறைந்தவர் அவர். கோபுரங்களும் மாளிகைகளும் பாம்புகளும் பறக்கும் உருவங்களும் நெருங்கிக் கிடக்கும் அவருடைய கனவு நகரங்களில், தொப்பி அணிந்த அவரே ஒரு பாத்திரமாக உலவுவார். அங்கே கனம் என்பதே கிடையாது. எல்லாமே மிதக்கும்போது 'இது ஏன் மிதக்கிறது?' என்ற கேள்வி எழுவதில்லை. அது குறையன்று. ராமானுஜம் கனவுக்குள்ளேயே குடியிருந்து வரைந்தவர்; நம்மையும் உள்ளே அழைக்கிறார். மாக்ரித் விழித்திருந்து கனவைப் பார்த்தவர். நம்மை வாசலில் நிறுத்திக் கேள்வி கேட்கிறார். முன்னது உறைவிடம், பின்னது சோதனை.

காரணம் சொல்லிப் பாறையை மிதக்க விட்டவர்களும் உண்டு. ஜோனதன் ஸ்விப்ட் 1726-இல் எழுதிய 'கலிவரின் பயணங்கள்' நூலில் வரும் லபூட்டா என்னும் பறக்கும் தீவு, தன் நடுவே உள்ள பெரிய காந்தக்கல்லின் துணையால் பறக்கிறது. 2009-இல் வந்த 'அவதார்' திரைப்படத்தில் மீக்கடத்தித் தாது அடங்கிய மலைகள் காந்தப் புலத்தில் மிதக்கின்றன. காரணம் கிடைத்தவுடன் நாம் சமாதானம் அடைந்து கதையைத் தொடர்கிறோம். மாக்ரித் காரணம் சொல்ல மறுக்கிறார். அதனால் கேள்வி நம்மிடமே தங்கிவிடுகிறது.

இங்கே ஓர் எச்சரிக்கை. சால்வதோர் டாலி 1931-இல் வரைந்த உருகும் கடிகாரங்களைப் பார்த்து, 'இது ஐன்ஸ்டைனின் சார்புக் கொள்கை' என்று எழுதுவோர் பலர். டாலியோ, உருகி வழிந்த பாலாடைக் கட்டியே அதற்குத் தூண்டுதல் என்று எழுதியிருக்கிறார். சார்புக் கொள்கையில் கடிகாரம் உருகுவதில்லை. ஒருவரை நோக்க விரைந்து செல்லும் கடிகாரம் அவருக்கு மெதுவாக ஓடுவதாகத் தெரியும். எவ்வளவு மெதுவாக என்பதற்குத் துல்லியமான சூத்திரம் உண்டு. அழகான படம் ஒன்றுக்கு அறிவியல் முத்திரை குத்துவதால் படத்துக்கும் பெருமை இல்லை, அறிவியலுக்கும் இலாபம் இல்லை. ஓவியம் அறிவியலுக்கு உதவக்கூடிய இடம் வேறு: பழகிப்போன ஒன்றைப் பழகாததாக்கிக் காட்டும் இடம் அது.

இதற்கு மாக்ரித்தின் மற்றோர் ஓவியமே சான்று. 1959-இல் அவர் வரைந்த 'ஆர்கோன் போர்' என்ற படத்தில், வானத்தில் ஒரு புறம் பாறையும் மறு புறம் மேகமும் எதிரெதிரே நிற்கின்றன. பாறையைப் பார்த்துத் திடுக்கிடும் நாம் மேகத்தைக் கண்டுகொள்வதே இல்லை. மேகம் எடையற்றதா? ஒரு கிலோமீட்டர் நீள, அகல, உயரமுள்ள சாதாரண வெண்மேகத்தில் ஏறத்தாழ 500 டன் தண்ணீர் இருக்கும். நம் கணக்கில் 25 லோடு. அது எப்படித் தலைக்கு மேல் நிற்கிறது? ஒரு மில்லிமீட்டரில் ஐம்பதில் ஒரு பங்கு விட்டமே உள்ள துளிகளாக அந்த நீர் பிரிந்து கிடக்கிறது. அத்தகைய துளி காற்றின் தடையால் நொடிக்கு ஒரு சென்டிமீட்டர் அளவே கீழிறங்கும். மேலெழும் வெப்பக் காற்று அதை எளிதில் தாங்கிவிடுகிறது. பாறையின் பக்கத்தில் மேகத்தை வைத்ததன் மூலம், நாள்தோறும் பார்த்தும் கேட்காத கேள்வியை ஓவியர் கேட்க வைக்கிறார்.

'ஜீனோவின் அம்பு' ஓவியத்திலோ பாறைக்கு மேலே பிறைநிலா இருக்கிறது. நிலா என்ன? அதுவும் கல்தான். 1969-இல் மனிதன் அதன்மீது நடந்து, கல்லெடுத்து வந்து காட்டியும் விட்டான். இத்தனை பெரிய கல் ஏன் நம் தலையில் விழவில்லை என்று நாம் வியப்பதில்லை. நியூட்டன் வியந்தார். அவர் கண்ட விடை: நிலா விழுந்துகொண்டேதான் இருக்கிறது. நொடிக்கு ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் வேகத்தில் பக்கவாட்டில் செல்லும் நிலா, அதே நொடியில் 1.4 மில்லிமீட்டர் பூமியை நோக்கி விழுகிறது. பூமியைச் சுற்றிய அதன் பாதை வளைவது அதனால்தான். பின்வரிசை மாணவர் கேட்டாரே, 'விழுந்துகொண்டிருக்கும்போது எடுத்த படமோ?' என்று, நிலாவைப் பொறுத்தவரை விடை, ஆம்.

இனி நாமக்கல் மலைக்கு வருவோம். மாக்ரித்தின் பாறை அந்தரத்தில் நிற்கிறது. நம் மலை தரையில் நிற்கிறது. சரி, தரை எதன்மீது நிற்கிறது?

இந்தக் கேள்விக்கான விடையின் ஒரு நுனி நம் நாட்டிலேயே கிடைத்தது. 1802-இல் சென்னைப் பரங்கிமலை அருகே அடிக்கோடு அளந்து லாம்டன் தொடங்கிய பெரும் நில அளவைப் பணி, பின்னர் இமயத்தின் அடிவாரம் வரை சென்றது. வட இந்தியாவில் கலியானா, கலியான்பூர் என்ற இரு நிலையங்களுக்கு இடையிலான தொலைவைத் தரையில் அளந்தும், விண்மீன்களை நோக்கியும் கணக்கிட்டனர். இரண்டு விடைகளும் 5.236 வினாடிக் கோண அளவு வேறுபட்டன. இமயமலை தன் ஈர்ப்பினால் தூக்குக்குண்டைத் தன் பக்கம் இழுத்திருக்க வேண்டும் என்று கருதிய கல்கத்தா பாதிரியார் ஜான் பிராட், அந்த இழுப்பைக் கணக்கிட்டார். 1855-இல் அவர் வெளியிட்ட கணக்குப்படி வேறுபாடு 15.885 வினாடியாக இருந்திருக்க வேண்டும். மூன்றில் ஒரு பங்குதான் காணப்பட்டது. அவ்வளவு பெரிய மலை ஏன் அவ்வளவு குறைவாக இழுத்தது?

அதே 1855-இல் ஜார்ஜ் ஏரி ஒரு விளக்கம் தந்தார். மலையின் அடியில், அடர்த்தி குறைந்த பாறை ஆழமான வேராக இறங்கி, அங்கிருந்த அடர்த்தி மிகுந்த பொருளை விலக்கியிருக்கிறது. தண்ணீரில் மிதக்கும் மரக்கட்டையின் பெரும்பகுதி நீருக்குள் இருப்பதுபோல் மலை மிதக்கிறது! புவி ஓட்டுப் பாறையின் அடர்த்தி தண்ணீரைப்போல் 2.7 மடங்கு, அதன் அடியிலுள்ள மூடகத்தின் அடர்த்தி 3.3 மடங்கு என்று கொண்டால், ஒரு கிலோமீட்டர் உயர மலைத்தொடருக்கு நாலரைக் கிலோமீட்டர் வேர் வேண்டும். மூடகம் திரவமன்று; ஆனால் கோடிக்கணக்கான ஆண்டுக் கணக்கில் பார்த்தால் அந்தத் திடப்பாறையும் மெல்ல வழிந்தோடுகிறது. நாமக்கல் மலை போன்ற சிறு குன்றுக்குத் தனி வேர் இராது. அதைப் புவி ஓடு தன் விறைப்பாலேயே தாங்கிவிடும். ஆனால் மலையையும் காவிரியையும் கொல்லிமலையையும் சுமந்திருக்கும் ஓடு, ஏறத்தாழ 40 கிலோமீட்டர் கனத்துடன், மூடகத்தின்மீது மிதந்துகொண்டுதான் இருக்கிறது.

ஆக, பாறை மிதக்காது என்று முதலில் போட்ட கணக்கு காற்றைப் பற்றியது, அது சரியே. மிதக்கும் பாறை உலகில் இல்லை என்று அதிலிருந்து முடிவு கட்டினால் தவறு. நாம் நிற்பதே அப்படிப்பட்ட பாறையின்மீதுதான். தூங்கெயில் கதையைச் சொன்னவர்களும் பைரனீஸ் கோட்டையை வரைந்தவரும் இதை அறிந்து செய்யவில்லை. அவர்கள் கேள்வியின் வாசலைத் திறந்தார்கள். உள்ளே நடந்து சென்றவர்கள் தூக்குக்குண்டோடும் விண்மீன் நோக்கிகளோடும் வந்தவர்கள்.

ஓவியத்தின் குறையும் இங்கேதான் இருக்கிறது. மாக்ரித்தின் பாறை தன் கடலுக்கு எதுவும் செய்வதில்லை. அத்தனை பெரிய கனம் மேலே நிற்க, கீழே அலைகள் தம் போக்கில் எழுந்து விழுகின்றன. மீறப்பட்ட ஒரு விதியின் விளைவு மற்றொன்றைத் தொடாமல் நின்றுவிடுகிறது. அறிவியல் கற்பனைக்கு இந்தச் சலுகை கிடையாது. ஒன்றை மாற்றினால் அதனால் மாறும் அனைத்தையும் கடைசிவரை தொடர்ந்து சென்று கணக்குக் கொடுக்க வேண்டும். நியூட்டன் நிலாவை விழ விட்டபோது கடல் ஏற்றவற்றத்துக்கும் சேர்த்துக் கணக்குக் கொடுத்தார். ஓவியரிடம் அதை எதிர்பார்ப்பது நியாயமாகாது எனலாம். ஆனாலும் படத்தை நெடுநேரம் பார்க்கும்போது முதற்கணத்துத் திடுக்கிடல் மெல்லத் தணிந்து, அது வெறும் அமைதியான காட்சியாகிவிடுவதற்குக் காரணம் இதுவே என்று எனக்குத் தோன்றுகிறது. எத்தனையோ சுவர்களில் அது வெறும் அலங்காரமாகத் தொங்குவதற்கும் இதுவே காரணமாக இருக்கலாம்.

இக்குறை இருந்தும் இதை நம் வகுப்பறைச் சுவரில் மாட்டத் தகுந்த படம் என்றே சொல்வேன். ஈர்ப்பு விசை பற்றிய பாடத்தை நம் மாணவர்கள் வரி பிசகாமல் ஒப்பிக்கிறார்கள். விதியை எழுது என்றால் எழுதுகிறார்கள். மாறிலியின் மதிப்பைக் கேட்டால் தசமத்தோடு சொல்கிறார்கள். கீழே விழும் கல்லைப் பார்த்து, 'ஏன்?' என்று கேட்க மட்டும் அவர்களுக்குத் தோன்றுவதில்லை. விடையை முன்னதாகவே கொடுத்துவிட்டோம். கேள்வி எழ இடமே வைக்கவில்லை. விழாத ஒரு கல்லைக் காட்டிய அன்று, நாற்பது பேர் ஒரே நேரத்தில் வாய் திறந்தார்கள்.

அடுத்த முறை நாமக்கல் மலையைக் கடந்து செல்பவர்கள் ஒரு நிமிடம் நின்று, மலைக்கும் தரைக்கும் இடையே ஒரு முழம் வெளிச்சம் தெரிவதாக எண்ணிப் பாருங்கள். பிறகு அந்த வெளிச்சத்தை நீக்கி மலையை மீண்டும் தரையில் இறக்கி வையுங்கள். அவ்வளவு கல்லை இத்தனை காலம் சுமந்துகொண்டு, ஒரு முனகலும் இன்றிக் கிடக்கிறதே கீழே உள்ள நிலம், அதன்மீது உங்கள் பார்வை முதல் முறையாகத் திரும்பும்.